பாதுகாக்கப்பட்ட வாசலில் ஒரு பசு

சுகந்தி அக்கா போன் செய்தபோது நான் பாரிஸின் ரூ பெர்தொனே தெருவில் தோசைக்காக வரிசையில் நின்றுகொண்டிருந்தேன். பாலத்தின் மேல் மெட்ரோ போன இரைச்சலில் முதல் பாதி கேட்கவில்லை.

"மலர், வாற ஞாயிறு வீடு குடிபூரப் போறம். நீ வரவேணும்," என்றார் இரண்டாம் முறை.

"கண்டிப்பா வர்றேன்க்கா."

"தனிய வராதை. குருக்கள் ஐயாவையும் ஏத்திக்கொண்டு வா. அவர் பிளேன் ஏறமாட்டார். பேந்து, வாழைமரம், மாவிலை, வெத்திலை எல்லாம் உங்கை வேண்டிக்கொண்டு வா. இஞ்சை ஒண்டும் கிடையாது."

அவருடைய 'இஞ்சை' மேற்கு இங்கிலாந்தில் ஒரு குக்கிராமம். சேலத்திலிருந்து படிக்க வந்த புதிதில், பாரிஸ் புறநகரான லெ பிளாங்-மெனிலில் அவர்கள் வீட்டு மேலறையில்தான் நான் வாடகைக்கு இருந்தேன். சுகந்தி அக்காவின் இடியப்பம் இல்லாவிட்டால் என் முதல் குளிர்காலத்தைத் தாண்டியிருக்கமாட்டேன். பிறகு அக்காவும் அவர் கணவர் ஜெகன் அண்ணையும், பாரிஸின் தமிழ்க் கடைத்தெருவான லா சப்பலில் எனக்குத் தெரிந்த பல குடும்பங்களைப் போல, பிரெஞ்சுப் பாஸ்போர்ட்டை எடுத்துக்கொண்டு இங்கிலாந்துக்கு இடம் மாறினார்கள். மற்றவர்கள் லண்டன் ஓரமாகக் குடியேற, ஜெகன் அண்ணை மட்டும் ஒரு கிராமத்தில் பழைய வீட்டோடு சேர்ந்த பலசரக்குக் கடையை வாங்கினார். அங்கே தமிழர்கள் உண்டா என்று கேட்டபோது, "ஒருத்தரும் இல்லை தங்கச்சி. அதாலைதான் வேண்டினனான்," என்றார்.

வெள்ளிக்கிழமை குருக்களுடன் சாமான் வாங்கப் போனேன். எங்கள் ஊரில் கிரகப்பிரவேசம் என்றால் தெருமுனைக்குப் போய்க் குரல் கொடுத்தால் வாழைமரம் வந்துவிடும். இங்கே கடைக்காரர், முழு மரமா பாதி மரமா என்று கேட்டார். பாதி மரத்தை வாசலில் கட்டினால் வீடு பாதிதான் விளங்கும் என்று குருக்கள் சொல்லிவிட்டதால் இரண்டு முழு மரங்களை வாங்கினோம். அவை காருக்குள் நுழையவில்லை. கூரையில் படுக்கவைத்துக் கட்டினோம்.

"பசுவும் கன்றும் இருக்கு ஐயா. ஜெர்மன் சில்வர், புதுச் சரக்கு," என்று கடைக்காரர் ஒரு பெட்டியைத் திறந்தார்.

குருக்கள் அதைத் தொடக்கூட இல்லை. "வேண்டாம். இந்த முறை உயிரோடை நிக்கிற பசு."

அவருடைய ஏக்கம் எனக்கு அப்போதுதான் புரிந்தது. பாரிஸைச் சுற்றியுள்ள புறநகர்களில் அவர் நடத்திவைக்காத குடிபூரல் இல்லை. எல்லாம் அடுக்குமாடி. முதலில் பசு நுழைய வேண்டும் என்பது சாஸ்திரம். மாட்டை ஏற்ற லிஃப்ட் கிடையாது. ஆகவே துண்டில் சுற்றிய ஒரு சின்ன வெள்ளிப் பசுவைப் பையிலிருந்து எடுத்து வாசற்படியில் நகர்த்தி, அதுவே நுழைந்ததாகக் கணக்கு வைத்துக்கொள்வார். லிஃப்ட் வேலை செய்யாத நாட்களில் பசுவைத் தானே தூக்கிக்கொண்டு படியேறியிருக்கிறார். ஜெகன் அண்ணையிடம் போனில், "உங்கை மாடு நிக்குதோ?" என்று கேட்டாராம். "மாடுதான் ஐயா நிக்குது, மனிசர்தான் இல்லை," என்று பதில் வந்ததிலிருந்து அவருக்குத் தூக்கம் இல்லை.

அது பிரெக்ஸிட்டுக்கு முந்தைய காலம். எல்லையில் வெற்றிலையைப் பற்றி யாரும் கேட்கவில்லை. வாழைமரத்தைப் பற்றி மட்டும் ஓர் அதிகாரி, இது எதற்கு என்றார். வாசலில் கட்ட என்றேன். சிறிது நேரம் யோசித்துவிட்டு, நல்ல வாசலாக இருக்கட்டும் என்று அனுப்பிவிட்டார்.

காரோடு ஏறிய கப்பலில் சாப்பாட்டுக் கூடத்தின் வாசனையே குருக்களுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. வெளியில் எதையும் சாப்பிடாதவர். வீட்டிலிருந்து கொண்டுவந்த புட்டு பாதி வழியிலேயே தீர்ந்துபோனது. கரை தெரிந்தபோது பூஜைக்கு வாங்கிய வாழைப்பழச் சீப்பில் பாதி இல்லை.

"ஐயா, அது பூஜைக்கு வாங்கினது."

"பூசையைச் செய்யிறவனும் பூசையிலை ஒரு அங்கம்தான் பிள்ளை," என்று இன்னொன்றை உரித்தார்.

இங்கிலாந்தில் சாலையின் இடது பக்கம் ஓட்ட வேண்டும். அது நம் ஊர் வழக்கம்தானே என்று கொஞ்சம் கர்வத்தோடுதான் இறங்கினேன். சிக்கல் வேறு இடத்தில் இருந்தது. என் கார் பிரெஞ்சுக் கார். ஸ்டியரிங் இடது பக்கம். அங்கே ஓட்டுநர் உட்காரும் வலது பக்கத்தில் குருக்கள், திருநீறும் சால்வையுமாக, தலையைப் பின்னால் சாய்த்து வாயைத் திறந்தபடி ஆழ்ந்த உறக்கத்தில் இருந்தார். எதிரே வந்தவர்களெல்லாம் ஏன் வெளிறிப் போகிறார்கள் என்று எனக்கு விளங்கவில்லை. ஒரு பெண்மணி காரை வேலியோரம் ஏற்றிவிட்டு இரண்டு கைகளாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார்.

கடைசியில் ஒரு போலீஸ்காரர் எங்களை நிறுத்தினார். நேரே வலது பக்கம் வந்து கண்ணாடியைத் தட்டினார். குருக்கள் கண்விழித்து, கண்ணாடியை இறக்கி, ஆசி வழங்க வலதுகையை உயர்த்தினார்.

"ஐயா, உங்களுக்கு உடம்பு நன்றாக இருக்கிறதா? கடைசியாக எப்போது விழித்திருந்தீர்கள்?" என்றார் போலீஸ்காரர்.

"கப்பலாலை இறங்கினாப் பிறகு படுத்தனான்," என்றார் குருக்கள் தமிழிலேயே.

நான் இந்தப் பக்கத்திலிருந்து ஸ்டியரிங்கைத் தட்டிக் காட்டினேன். போலீஸ்காரர் என்னைப் பார்த்தார், ஸ்டியரிங்கைப் பார்த்தார், கூரையிலிருந்த வாழைமரங்களைப் பார்த்தார். பிறகு மிகுந்த பணிவோடு, முடிந்தால் அந்தப் பெரியவரைக் கண் திறந்திருக்கச் சொல்லுங்கள் என்று கேட்டுக்கொண்டார். மிச்ச வழியெல்லாம் குருக்கள் கண்ணை அகல விரித்தபடி வந்தார். அது எதிரே வந்தவர்களை இன்னும் பயமுறுத்தியது.

சனிக்கிழமை காலை ஜெகன் அண்ணை ஊரைச் சுற்றிக் காட்டினார். ஊர் என்றால் ஒரு தேவாலயம், அதன் நாலு பக்கமும் வயல், நடுவே ஒரே தெரு. இதற்குப் பாரிஷ் என்று பெயர். தனி ஊர்ச்சபை உண்டு. காட்டுவதற்கு அவர் கையை நீட்டிய பொருளெல்லாம் பழமைக்காக அரசு பட்டியலிட்டுப் பாதுகாத்ததாக இருந்தது.

"உந்தக் கோயில் லிஸ்டிலை கிடக்கு. பாலமும் லிஸ்டிலை. அந்தா, சிவப்பு டெலிபோன் பெட்டி, அதுவும். அங்கை மதிலோடை பன்றிக்கூடு ஒண்டு தெரியுதோ? பன்றி இல்லை. கூட்டைத் தொடேலாது."

"உங்க வீடு?"

"வீடும் லிஸ்டிலைதான். நான்தான் இல்லை." அண்ணை இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றார். "ஒரு ஆணி அடிக்க அனுமதி கேட்டு எழுத வேணும். கதவுக்குப் பெயின்ட் அடிக்க எழுத வேணும். பிளாங்-மெனிலிலை வாடகை வீட்டிலைகூட இவ்வளவு பயத்தோடை நான் இருக்கேல்லை."

வீடு நீளமானது; தடித்த கல் சுவர், புல் வேய்ந்த கூரை. முன்கதவைத் திறந்தால் கல் பாவிய ஒரு நடை வீட்டின் குறுக்கே பின்பக்கம் வரை ஓடுகிறது. அதன் ஒரு பக்கம் கடை, மறுபக்கம் வீடு. நடையின் மறுமுனையில் கதவு இல்லை, சுவர்தான். சுவரை ஒட்டி, வீட்டை விற்றவர்கள் விட்டுப்போன ஓர் உயரமான அலமாரி. சாமான் லாரி வருவதோ பின்முற்றத்துக்கு. ஆகவே ஒவ்வொரு மூட்டையையும் அண்ணை முதுகில் சுமந்து, மழையிலும் சேற்றிலும் வீட்டைச் சுற்றி முன்வாசலுக்குக் கொண்டுவர வேண்டும். முதுகெலும்பில் ஏற்கனவே ஒரு தேய்மானம் இருக்கிறது; பாரிஸ் உணவகச் சமையலறைகள் கொடுத்த பரிசு.

"அந்தச் சுவரிலை முந்தி ஒரு கதவு இருந்திருக்க வேணும். நடை எண்டால் ரெண்டு பக்கமும் வாசல் இருக்கும்தானே. திறக்க விடுங்கோ எண்டு கேட்டனான். இருந்ததுக்கு ஆதாரம் கொண்டாங்கோ எண்டு சொல்லுகினம்," என்றார் அண்ணை.

"கிடைக்கலைன்னா?"

சுகந்தி அக்காதான் சொன்னார். "டொக்டர் இனித் தூக்க வேண்டாமெண்டு சொல்லிப்போட்டார். கதவு இல்லாட்டி கடையை வித்துப்போட்டுத் திரும்பப் பிளாங்-மெனில்தான். நான் குடிபூரச் சொன்னது அதுக்குத்தான் மலர். ஒருக்கால் முறையாச் செய்து பாப்பம்."

மத்தியானம் ஹில்டா என்ற அம்மையார் வந்தார். ஊர்ச்சபை உறுப்பினர், பட்டியலில் உள்ள கட்டடங்கள் எல்லாவற்றுக்கும் தன்னைத் தானே காவலாக நியமித்துக்கொண்டவர். கையில் ஸ்கோன் என்ற ஒருவகைப் பணியாரம், கழுத்தில் அளவுநாடா. அண்ணை அவரைக் கண்டதும் சட்டைப் பொத்தானைச் சரிசெய்துகொண்டார். அந்த அம்மையார் மோசமானவர் அல்ல. ஆனால் நாளைய சடங்கில் என்னென்ன செய்வீர்கள் என்று உட்கார்ந்து கேட்டார்.

மாவிலைத் தோரணத்துக்கு ஆணி கூடாது, நூலால் கட்டலாம். ஹோமப் புகை கூடாது, மேலே புல். குருக்கள் பெருந்தன்மையாக, "நெருப்பைக் குறைப்பம். மாட்டைக் குறைக்கேலாது," என்றார். இதில் இரண்டாவது வாக்கியத்தை நான் மொழிபெயர்க்கவில்லை. இன்றுவரை அதற்காக வருந்தவும் இல்லை.

தேங்காய் உடைப்பதில்தான் பெரிய விவாதம். வாசற்படியில் கூடாது, அது வீட்டின் வயதை ஒத்தது. மதிலில் கூடாது. சரி, வெளியே தெருவோரம் கிடக்கும் அந்தக் குட்டிக் கல்லில் உடைக்கிறோம் என்றேன். அது மைல்கல்லாம், அதற்குத் தனியாக ஒரு பதிவு இருக்கிறதாம். எதில்தான் உடைக்கலாம் என்று கேட்டபோது, ஹில்டா எழுந்து ஊர் முழுக்கப் பார்த்துவிட்டு வந்து, என் காரின் பின்னால் நீட்டிக்கொண்டிருந்த இழுவைக் கொக்கியைக் காட்டினார். "இது பிரான்ஸின் பொறுப்பு," என்றார்.

குருக்கள் ஸ்கோனை முகர்ந்து, முட்டை போட்டிருக்கிறதா என்று கேட்கச் சொன்னார். இல்லை என்றதும் மூன்று தின்றார். உளுந்து இல்லாத வடை என்று தன் முடிவைச் சொன்னார்.

மாடு தர ஒப்புக்கொண்டவர் பக்கத்துப் பண்ணைக்காரர் டாம். கன்னத்தில் காற்று அடித்துச் சிவந்த, அதிகம் பேசாத மனிதர். அண்ணை கடையில் அவருக்கு மட்டும் தனியாக ஒரு மிளகாய் ஊறுகாய்ப் போத்தல் எடுத்துவைப்பார் என்பதால் எதையும் கேட்காமல் சம்மதித்திருந்தார். ஞாயிறு காலை பழுப்பு நிறத்தில் ஒரு பசுவைக் கயிற்றில் பிடித்துக்கொண்டு வந்தார். பெயர் ஃபிரெடா.

"நட்சத்திரம் கேள் பிள்ளை," என்றார் குருக்கள்.

டாமிடம் பிறந்த தேதி கேட்டேன். மாட்டுக்கு அங்கே பாஸ்போர்ட்டே உண்டு. பையிலிருந்து எடுத்துக் காட்டினார். எனக்கு பிரெஞ்சு விசா வாங்க ஆன பாடு நினைவுக்கு வந்து, ஃபிரெடா மேல் சிறிது பொறாமைகூட வந்தது. குருக்கள் பஞ்சாங்கத்தைப் புரட்டி, ரோகிணி என்றார். ஐரோப்பாவுக்கு வந்த பிறகு முதல்முறையாக ஓர் உண்மையான பசுவின் பெயருக்கு அர்ச்சனை செய்தார். மஞ்சள், குங்குமம், கழுத்தில் மாலை. மாலையில் தன் வாய்க்கு எட்டிய பகுதியை ஃபிரெடா அங்கேயே சாப்பிட்டது.

திட்டம் எளிமையானது. பசு முன்கதவால் நுழைந்து நாலடி வைக்கும். பிறகு டாம் கயிற்றைப் பிடித்துப் பின்னால் இழுத்துக்கொள்வார். நாங்கள் நடையின் கடைசியில், அலமாரிக்கு முன்னால், கோலம் போட்டு, மின்சார அடுப்பில் பாலை வைத்து, பொங்கலும் பழமும் படைத்துத் தயாராக நின்றோம். நாங்கள் என்றால் குருக்கள், சுகந்தி அக்கா, நான். அண்ணையும் டாமும் வெளியே.

ஃபிரெடா கதவில் தலையை நுழைத்தது. இருட்டில் ஒருகணம் தயங்கியது. பிறகு பொங்கல் அதன் கண்ணில் பட்டது.

நடையின் ஒரு பக்கம் அண்ணை அரிசி மூட்டைகளை அடுக்கியிருந்தார். மீதி இடம் சரியாக ஒரு மாட்டின் அகலம். அது நிற்காமல் நடந்துவந்து பொங்கல் பானைக்குள் முகத்தைப் புதைத்ததும்தான் நிலைமை தெரிந்தது. டாம் கயிற்றை நழுவ விட்டிருந்தார். கயிறு எங்கள் பக்கம் வந்துவிட்டது. கடைக்கும் வீட்டுக்கும் போகும் பக்கக் கதவுகள் இரண்டும் ஃபிரெடாவின் விலாவுக்கு நேராக இருந்தன. திரும்ப இடமில்லை. அதன் பின்பாகம் முன்கதவு நிலையில் கச்சிதமாகப் பொருந்தி, வாலை மட்டும் தெருவில் விட்டிருந்தது. அந்தப் பக்கம் அவர்கள், இந்தப் பக்கம் நாங்கள், நடுவே பசு.

"டாம் அண்ணை, பின்னாலை எடுங்கோ," என்று சுகந்தி அக்கா தமிழிலேயே கத்தினார்.

"அவள் இதுவரை ஒருநாளும் பின்னால் நடந்ததில்லை," என்று டாமின் குரல் மாட்டைத் தாண்டி நிதானமாக வந்தது. "அதற்குத் தேவை ஏற்பட்டதில்லை."

"ஐயா, இப்ப என்ன செய்யிறது?" என்றார் அண்ணை வெளியிலிருந்து.

"பசு மனநிறைவா நிக்குது. இது நல்ல சகுனம்," என்றார் குருக்கள். அவர் முகத்தில் அப்படியொரு பூரிப்பு. எங்களுக்கு வெளியே போக வழியில்லை என்பது அவர் மனதில் ஏறவே இல்லை.

அப்போதுதான் ஹில்டாவின் குரல் கேட்டது. தேவாலயத்திலிருந்து திரும்பும் வழியில், பாதுகாக்கப்பட்ட ஒரு வாசலிலிருந்து வால் தொங்குவதைப் பார்த்திருக்கிறார்.

"மிஸ்டர் ஜெகன், உங்கள் கதவு நிலையில் ஒரு மாடு இருக்கிறது."

"ஓம். தெரியும்."

"அந்த நிலையை அறுக்க முடியாது."

"தெரியும்."

"மாட்டையும் அறுக்க முடியாது," என்றார் டாம்.

ஃபிரெடா பொங்கலை முடித்துவிட்டுக் கோலமாவை நக்கியது. பிறகு, நிறைய தின்ற எந்த மாடும் செய்வதைச் செய்தது. குழாயைத் திறந்துவிட்டதுபோல் சத்தம். சுகந்தி அக்கா இரண்டு கைகளாலும் தலையைப் பிடித்துக்கொண்டார். குருக்கள் கண்களை மூடிக் கைகூப்பினார்.

"கோசலம்," என்றார். "குடிபூருற நேரத்திலை, கேளாமலே கிடைக்குது."

நான் கால்களை எங்கே வைப்பது என்று தேடினேன். ஆனால் அது எங்கள் காலடிக்குப் பரவவில்லை. நடையின் நடுவே கற்களில் ஆழமில்லாத ஒரு பள்ளம் நீளவாக்கில் ஓடியது. ஆட்கள் நடந்து தேய்ந்தது என்று எல்லோரும் நினைத்துக்கொண்டிருந்த பள்ளம். அதற்குள் ஒழுங்காக இறங்கி, எங்களைக் கடந்து, அலமாரிக்கு அடியில் போய் மறைந்தது.

வெளியே ஹில்டா தரையில் முழங்காலிட்டு, ஃபிரெடாவின் கால்களுக்கு இடையே டார்ச் அடித்துக்கொண்டிருந்தார்.

"அந்தத் தண்ணீர் எங்கே போகிறது?" என்றார்.

"அது தண்ணி இல்லை மேடம்," என்றார் அண்ணை பரிதாபமாக.

"எதுவாக இருந்தாலும் சரி. எங்கே போகிறது? அங்கே தேங்கி நிற்கிறதா?"

நான் குனிந்து பார்த்தேன். தேங்கவில்லை. போய்க்கொண்டே இருந்தது.

"அந்த அலமாரியை நகர்த்துங்கள்," என்றார் ஹில்டா. அவர் குரல் மாறியிருந்தது.

"அது லிஸ்டிலை இருக்கோ எண்டு கேள் தங்கச்சி," என்றார் அண்ணை. பட்ட அனுபவம்.

"உங்கள் அலமாரியையா? அதை எந்தக் காலத்திலும் யாரும் பாதுகாக்கப் போவதில்லை," என்றார் ஹில்டா.

குருக்கள் சால்வையை இடுப்பில் கட்டிக்கொண்டார். மூவரும் சேர்ந்து தள்ளினோம். அலமாரி முனகிக்கொண்டு ஒரு முழம் நகர்ந்தது. பின்னால் சுவரின் அடியில், பள்ளம் வந்து சேரும் இடத்தில் சின்ன ஓட்டை. அதன் வழியே பின்முற்றத்து வெளிச்சம் தெரிந்தது. ஓட்டைக்கு மேல், சுவருக்குள் பாதி புதைந்து, ஒரு படிக்கல். நடுப்பகுதி குழிந்து தேய்ந்திருந்தது. எத்தனையோ தலைமுறைக் கால்கள் ஏறி இறங்காமல் ஒரு கல் அப்படித் தேயாது.

நான் பார்த்ததை ஒவ்வொன்றாகச் சத்தமாகச் சொன்னேன். மாட்டுக்கு அந்தப் பக்கமிருந்து ஹில்டா, வேறு யாரோடோ பேசுவதுபோல் பேசினார். அந்தக் காலத்தில் இப்படி நீள வீடு கட்டி, ஒரு முனையில் மனிதர்களும் மறுமுனையில் மாடுகளும் குடியிருப்பார்களாம். இரு தரப்புக்கும் இந்த ஒரே நடைதான் வழி. இந்த ஊரில் அப்படி ஒரு வீடு இருந்ததாகக் கேள்விப்பட்டு, எது என்று தெரியாமல் பல வருடங்களாகத் தேடிக்கொண்டிருந்தாராம்.

"இத்தனை காலம் இந்த வாசலில் நின்று உங்களிடம் ஆதாரம் கேட்டேன், மிஸ்டர் ஜெகன். மன்னித்துக்கொள்ளுங்கள். நானே அதிகாரிக்கு எழுதுகிறேன்."

ஃபிரெடாவின் முதுகுக்கு மேலே எனக்குத் தெரிந்தது அண்ணையின் உச்சந்தலை மட்டும்தான். அது மெல்ல ஆடியது. சுகந்தி அக்கா சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டபோது பின்னால் சுர்ரென்று சத்தம் கேட்டது. யாரும் பார்க்காத நேரத்தில் பால் தானாகவே பொங்கி அடுப்பில் வழிந்துகொண்டிருந்தது.

"சுபமுகூர்த்தம்," என்றார் குருக்கள், கைக்கடிகாரத்தைப் பார்க்காமலே. பையிலிருந்து சங்கை எடுத்து ஊதினார்.

எங்கள் ஊர்ப் பக்கம் சங்கு ஊதினால் யாரோ போய்ச் சேர்ந்துவிட்டார் என்று அர்த்தம். எனக்கு முதுகு சில்லிட்டது. ஃபிரெடாவுக்கும் அப்படித்தான் இருந்திருக்க வேண்டும். காதுகளை விறைத்துக்கொண்டு, வாழ்க்கையில் முதல்முறையாக ஓரடி பின்னால் வைத்தது.

"இன்னொரு முறை," என்றார் டாம்.

குருக்கள் மூச்சை இழுத்து மறுபடி ஊதினார். இன்னோரடி. இரண்டு ஊதலுக்கு நடுவே அவர் மூச்சு வாங்க, வெளியே ஹில்டா கார் நிறுத்த உதவுபவரைப்போல் கைகளை ஆட்டி, "கொஞ்சம் இடது பக்கம், இன்னும் இடது, நிலையைப் பாருங்கள்," என்று கட்டளையிட்டார். ஃபிரெடாவுக்கு ஆங்கிலம் புரிந்தது. கடைசி ஊதலில் முழுதாக வெளியே வந்து, தெருவில் நின்று எங்களைப் பார்த்து ஒரு முறை கத்தியது. ஹில்டா அளவுநாடாவோடு கதவு நிலையைச் சோதித்தார். கொஞ்சம் பழுப்பு மயிர் ஒட்டியிருந்ததைத் தவிர ஒரு கீறலும் இல்லை.

பிறகு எல்லோரும் வாழையிலையில் சாப்பிட்டோம். பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி, பூசணிக்காய்க் குழம்பு, அப்பளம், பாயசம். பொங்கல் மட்டும் இல்லை. டாம் ஊறுகாயை மட்டும் மூன்று முறை கேட்டு வாங்கினார். ஹில்டா ரசத்தைக் கோப்பையில் வாங்கிக் குடித்து, இருமி, கண்ணில் நீர் வர, இன்னும் கொஞ்சம் என்றார். கடைசியில் குருக்கள் கையைக் கழுவிக்கொண்டே, "நிசமான பசு எண்டால் அதின்ரை பெறுமதி வேறைதான் பிள்ளை," என்றார்.

திங்கட்கிழமை நாங்கள் பாரிஸ் திரும்பும் முன்னரே கதை திரும்பியிருந்தது. லா சப்பல் மெட்ரோ படியில் ஒருவர், இங்கிலாந்தில் மாடு ஒரு வீட்டை இடித்துவிட்டதாமே என்று விசாரித்தார். ரூ பெர்தொனே தொடக்கத்தில் அது காளையாகியிருந்தது. அடுத்த மெட்ரோ நிலையமான ஸ்டாலின்கிராட் பக்கம் போனபோது, குருக்கள் ஒருவர் வெறும் மந்திரத்தால் சுவரில் வாசல் திறந்தார் என்று எனக்கே ஒருவர் விவரித்தார். நான் திருத்தவில்லை. குருக்களும் திருத்தவில்லை.

அனுமதி வந்தது. கோடை முடிவதற்குள் கதவும் வந்தது. மூட்டைகள் இப்போது தள்ளுவண்டியில் பின்வாசலால் நேரே உள்ளே போகின்றன. அண்ணையின் முதுகு தேவலை. டிசம்பரில் சாமான் வாங்க சுகந்தி அக்கா பாரிஸ் வந்தார். இரண்டு ஸ்வெட்டர், மேலே கம்பளிக் கோட்டு, தலையில் தொப்பி. கட்டிப்பிடித்ததில் ஆளே அகப்படவில்லை. நேரே துணிக்கடைக்குக் கூட்டிப்போகச் சொன்னார்.

"ரெண்டு பக்கமும் வாசல் எண்டால் காத்துக்கும் வழிதானே மலர். முன்னாலை நுழைஞ்சு பின்னாலை போகுது. கதவிலை நாலு பக்கமும் இடுக்கு. வீட்டுக்குள்ளை நிண்டு சமைக்கேலாமல் கிடக்கு."

"பழையபடி சுவர் வெச்சு மூடிட்டா என்னக்கா?"

"கேட்டுப் பாத்தனாங்கள். ஹில்டா அம்மா வந்து கையைப் பிடிச்சுக்கொண்டு கவலைப்பட்டா. இனி ஏலாதாம். இப்ப அந்தக் கதவும் லிஸ்டிலை சேர்ந்திட்டுதாம்."

கடைக்காரர் இருப்பதிலேயே தடித்த திரைச்சீலைத் துணியை மேசையில் விரித்து, கத்தரிக்கோலைக் கையில் எடுத்தார். "அகலம் எவ்வளவு வேணும் அக்கா?"

சுகந்தி அக்காவுக்குச் சென்டிமீட்டர் நினைவில் இல்லை. இரண்டு கைகளையும் பக்கவாட்டில் நீட்டி, கண்ணை மூடி, நினைவிலிருந்து சரிசெய்து காட்டினார்.

"ஒரு மாடு," என்றார்.